ஒலிம்பிக் சங்கத் தலைவராக பி.டி. உஷா: உங்கள் மதிப்பீடு என்ன?

தடகளன் எழுதியது:

2022 டிசம்பர் 10ஆம் தேதி பி.டி. உஷா போட்டியின்றி இந்திய ஒலிம்பிக் சங்கத் தலைவரானார். நான்கு ஆண்டுக் காலம் முடியப்போகிறது. அவரைப் பற்றி இப்போது எங்கே பேச்சு எழுந்தாலும் கசப்பாகவே இருக்கிறது. எனக்கு அது நியாயமாகப் படவில்லை.

சங்கம் தொடங்கியது 1927இல். முதல் தலைவர் தொழிலதிபர் டோராப்ஜி டாடா. அப்புறம் பாட்டியாலா அரச குடும்பத்தினர், விமானப்படைத் தளபதியாக இருந்த ஓ.பி. மெஹ்ரா, அரசியல்வாதி வி.சி. சுக்லா, நம் பத்திரிகை அதிபர் சிவந்தி ஆதித்தன், சுரேஷ் கல்மாடி, என். ராமச்சந்திரன், நரிந்தர் பத்ரா. 95 ஆண்டுகளில் ஒலிம்பிக் களத்தில் இறங்கிய ஒருவர்கூட அந்த நாற்காலியில் உட்காரவில்லை. பெண் ஒருவரும் இல்லை. இரண்டு குறையும் ஒரே நாளில் தீர்ந்தது.

அவர் வந்த நேரத்தையும் பாருங்கள். நீதிமன்ற வழக்கு, பத்ராவின் விலகல், தற்காலிகத் தலைவர் யார் என்ற சண்டை. டிசம்பருக்குள் தேர்தல் நடத்தாவிட்டால் இடைநீக்கம் என்று சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி கடைசி எச்சரிக்கை விட்டிருந்தது. 2012 முதல் 2014 பிப்ரவரி வரை ஏற்கெனவே ஒருமுறை இடைநீக்கத்தில் கிடந்தவர்கள் நாம். சோச்சி குளிர்கால ஒலிம்பிக் தொடக்க விழாவில் ஷிவா கேசவன் மூவர்ணக் கொடி இல்லாமல் நடந்ததை நான் மறக்கவில்லை. அந்த ஆபத்து இவர் காலத்தில் விலகியது. 2036 ஒலிம்பிக்குக்கான விருப்பக் கடிதம் 2024 அக்டோபரில் போனது. 2030 காமன்வெல்த் போட்டி அகமதாபாத்துக்குக் கிடைத்திருக்கிறது.

முழு மதிப்பெண் கேட்கவில்லை. பாதிக்கு மேல் கொடுக்கலாம் என்கிறேன். மறுப்பவர்கள் காரணத்தோடு சொல்லுங்கள்.


மல்லி எழுதியது:

நான் மறுக்கிறேன், தம்பி. காரணத்தோடுதான்.

தொண்ணூறுகளில் மாவட்ட அளவில் 400 மீட்டர் ஓடியவள் நான். சியோல் ஆசிய விளையாட்டில் உஷா நான்கு தங்கமும் ஒரு வெள்ளியும் வாங்கிய படம், ஒரு வார இதழின் நடுப்பக்கத்தில் வந்தது, எங்கள் வீட்டுச் சுவரில் பல வருடம் ஒட்டியிருந்தது. கரையான் அரித்துப்போன பிறகும் அம்மா அதைக் கிழிக்கவிடவில்லை. அந்தப் படத்தைப் பார்த்துத்தான் காலையில் ஐந்து மணிக்கு எழுந்து ஓடினேன். அதனால் அவரை எனக்குப் பிடிக்காது என்று யாரும் நினைக்க வேண்டாம். பிடித்தவர் என்பதால்தான் வலிக்கிறது.

2023 ஜனவரியில் வினேஷ் போகட், சாக்ஷி மாலிக், பஜ்ரங் புனியா எல்லோரும் ஜந்தர் மந்தரில் உட்கார்ந்தார்கள். மல்யுத்த சம்மேளனத் தலைவர் பிரிஜ் பூஷண் சரண் சிங் மீது பாலியல் துன்புறுத்தல் புகார். அவர் மறுத்தார். ஒலிம்பிக் சங்கம் ஏழு பேர் குழு போட்டது, அரசு மேரி கோம் தலைமையில் ஒரு குழு போட்டது. பெண்கள் எழுந்து போனார்கள், மூன்று மாதம் காத்திருந்தார்கள். எதுவும் நடக்கவில்லை என்று ஏப்ரல் 23 அன்று மறுபடி வந்து உட்கார்ந்தார்கள். ஏப்ரல் 27 அன்று உஷா என்ன சொன்னார்? வீதியில் இறங்கியது ஒழுங்கீனம் என்றும், நாட்டின் பெயருக்குக் கெடுதல் என்றும் சொன்னார்.

அதே வருடம் பிப்ரவரியில் அவரே டெல்லியில் செய்தியாளர்களைக் கூப்பிட்டு, தன் தடகளப் பள்ளி நிலத்தில் அத்துமீறிக் கட்டுகிறார்கள் என்று கண்கலங்கிச் சொன்னார். அவர் அழுததில் எனக்குக் குறை இல்லை. வேறு வழி இல்லாதபோது மனிதர்கள் ஊர் அறியச் சொல்லத்தான் செய்வார்கள். தனக்கு அது சரியென்றால் அந்தப் பெண்களுக்கு மட்டும் எப்படி ஒழுங்கீனம் ஆகும்?

இடைநீக்கம் விலகியது, கடிதம் போனது, போட்டி கிடைத்தது. யார் தலைவராக இருந்திருந்தாலும் இவற்றைச் செய்திருப்பார்கள். ஒரு பெண், ஒரு வீராங்கனை அங்கே இருப்பதால் மட்டுமே செய்யக்கூடிய ஒரு காரியம் இருந்தது. அதை அவர் செய்யவில்லை.


தடகளன் எழுதியது:

அக்கா, அந்தச் சொல் தவறு. அதில் நான் வாதாட வரவில்லை. ஆனால் மே 3 அன்று அவர் ஜந்தர் மந்தருக்கே போனார். கூட்டம் முகத்துக்கு நேராகக் கோபப்பட்டது, கேட்டுக்கொண்டார். தன் சொற்கள் தவறாகப் புரிந்துகொள்ளப்பட்டன என்று அவர் சொன்னதாக பஜ்ரங்கே அன்று செய்தியாளர்களிடம் சொன்னார். வேறெந்தச் சங்கத் தலைவர் போராட்டப் பந்தலுக்குள் கால் வைத்தார்?


மல்லி எழுதியது:

ஆறு நாள் கழித்து.


முன்னாள் நடுவர் எழுதியது:

முப்பது வருடம் தடகளப் போட்டிகளில் நடுவராக நின்றவன். இந்த உரையாடலில் இரண்டு பேருமே ஒன்றை நம்பிக்கொண்டு பேசுகிறீர்கள். ஓடியவர் வந்தால் ஓடுபவர்களுக்கு நல்லது நடக்கும் என்று. அந்த நம்பிக்கையே எனக்கு இல்லை.

ரண்தீர் சிங்கை எடுத்துக்கொள்ளுங்கள். துப்பாக்கிச் சுடுதலில் ஐந்து ஒலிம்பிக் கண்டவர், 1978 ஆசிய விளையாட்டில் தங்கம். 1987 முதல் 2012 வரை இருபத்தைந்து ஆண்டு ஒலிம்பிக் சங்கத்தின் பொதுச் செயலாளர். தலைவர் பதவியில்தான் வீரர் இல்லை. அதற்கு அடுத்த நாற்காலியில் கால் நூற்றாண்டு ஓர் ஒலிம்பியன் இருந்தார். அந்தக் காலத்தில்தான் கல்மாடி 15 ஆண்டு தலைவராக நீடித்தார், 2010 டெல்லி காமன்வெல்த் கணக்கு விவகாரம் வந்தது, கடைசியில் இடைநீக்கமும் வந்தது. அவரை நான் குற்றம் சாட்டவில்லை. ஒரு வீரர் உள்ளே இருப்பது தானாக எதையும் தடுத்துவிடாது என்கிறேன்.

பெண் என்பதும் அப்படியே. 2010இல் ஹாக்கி இந்தியா தேர்தல். ஒரு பக்கம் ஒலிம்பிக்கில் இந்திய அணிக்குத் தலைமை தாங்கிய பர்கத் சிங். மறு பக்கம் எண்பது வயதைக் கடந்த வித்யா ஸ்டோக்ஸ், இமாச்சலக் காங்கிரஸ் தலைவர், பெண்கள் ஹாக்கி சம்மேளனத்தை நீண்ட காலம் நடத்தியவர். 41க்கு 21 என்று ஸ்டோக்ஸ் ஜெயித்தார். பெண் தலைவர் வந்துவிட்டார் என்று மகிழ்வதா, ஒலிம்பியன் தோற்றுவிட்டார் என்று வருந்துவதா? அன்றைக்கு வாக்குப் போட்டவர்கள் இரண்டையும் யோசித்திருக்க மாட்டார்கள். யார் நம்மோடு இருப்பார் என்று யோசித்திருப்பார்கள்.

உஷாவைப் பற்றியும் ஒன்று. 2017இல் பி.யூ. சித்ரா புவனேஸ்வரில் 1500 மீட்டரில் ஆசியச் சாம்பியன் ஆனார். லண்டன் உலகச் சாம்பியன்ஷிப் அணியில் அவரைச் சேர்க்கவில்லை. கேரள உயர் நீதிமன்றம் சேர்க்கச் சொல்லியும் காலம் கடந்துவிட்டது. அந்தத் தேர்வுக் கூட்டத்தில் உஷா இருந்தார். தான் வெறும் பார்வையாளர் என்றார், விதிப்படி அது உண்மைதான். ஆனாலும் கேரளத்தில் அவர் மீது முதல் கோபம் அன்றே எழுந்துவிட்டது. ஏழைக் குடும்பத்துப் பெண்ணுக்காக அந்த அறையில் அவர் குரல் உயர்த்தியிருக்க வேண்டும் என்று ஜனங்கள் எதிர்பார்த்தார்கள்.


நீலவானம் எழுதியது:

நடுவர் ஐயா சொல்வதில் ஒரு பகுதியை ஏற்கிறேன். வீரர் என்பதும் பெண் என்பதும் இரண்டு தனித்தனிக் கேள்விகள். மூன்றாவது கேள்வி ஒன்று இருக்கிறது. அந்தப் பெண் எந்த வீட்டிலிருந்து வந்தார்?

2019இல் ரூபா குருநாத் தமிழ்நாடு கிரிக்கெட் சங்கத் தலைவரானார். நாட்டில் ஒரு மாநில கிரிக்கெட் சங்கத்துக்கு முதல் பெண் தலைவர் என்று நாம் பெருமைப்பட்டோம். அவர் கிரிக்கெட் வாரியத் தலைவராக இருந்த என். சீனிவாசனின் மகள். 2022இல் டேபிள் டென்னிஸ் சம்மேளனத்துக்கு மேக்னா அஹ்லாவத் முதல் பெண் தலைவர். அப்போது ஹரியானா துணை முதல்வராக இருந்த துஷ்யந்த் சௌதாலாவின் மனைவி. இவர்கள் திறமையில்லாதவர்கள் என்று நான் சொல்லவே மாட்டேன். கதவு எந்தச் சாவியால் திறந்தது என்பதைத்தான் சொல்கிறேன்.

உஷாவுக்கு அப்படி ஒரு வீடு இல்லை. பய்யோலிப் பக்கத்திலிருந்து வந்த பெண். 1984 லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கில் 400 மீட்டர் தடை ஓட்டத்தில் 55.42 நொடி, மூன்றாவதாக வந்தவருக்கு 55.41. ஓட்டம் முடிந்ததும் ரயில்வே வேலையோடு அமைதியாக இருந்திருக்கலாம். 2002இல் பெண் பிள்ளைகளுக்கென்று தடகளப் பள்ளி தொடங்கினார். அங்கிருந்து டின்டு லூகா வந்தார். 2010இல் 800 மீட்டரை 1 நிமிடம் 59.17 நொடியில் ஓடி ஷைனி வில்சனின் தேசிய சாதனையை முறியடித்தார். இருபது வருடம் மைதானத்தில் கையில் ஸ்டாப்வாட்சோடு நின்றவர் இந்தத் தலைவர். சிறு பெண்களை வீட்டிலிருந்து பிரித்து அழைத்து வந்து, விடுதியில் தங்கவைத்து, அவர்கள் பெற்றோருக்குப் பதில் சொல்லி வளர்ப்பது எவ்வளவு பெரிய பொறுப்பு என்று யோசித்துப் பாருங்கள். ஒரு சம்மேளனத் தலைவர் பதவியைவிட அது கடினம் என்பேன். அதை விட்டுவிட்டு ஏப்ரல் 27ஐ மட்டும் வைத்து எடைபோடுவது சரியில்லை.


மல்லி எழுதியது:

நீலவானம், வீடு இல்லைதான். ஆனால் 2022 ஜூலையில் மாநிலங்களவைக்கு நியமிக்கப்பட்டார், இளையராஜாவோடு. ஐந்து மாதத்தில் ஒலிம்பிக் சங்கத் தலைவர், அதுவும் போட்டியின்றி. மற்றவர்களுக்கு அப்பாவும் கணவரும் திறந்த கதவை இவருக்கு அரசாங்கம் திறந்தது. மல்யுத்தப் பெண்களுக்கு எதிர்த்தரப்பில் நின்ற பிரிஜ் பூஷண் அப்போது ஆளும் கட்சியின் எம்.பி. அந்த ஒரு வாக்கியத்தை அவர் ஏன் சொன்னார் என்பதற்கு எனக்கு வேறு விளக்கம் கிடைக்கவில்லை.


தடகளன் எழுதியது:

இது அவர் மனதுக்குள் புகுந்து தீர்ப்புச் சொல்வது, அக்கா. கல்மாடியும் எம்.பி., சுக்லாவும் மத்திய அமைச்சர். அவர்களிடம் யாரும் "உன்னை அங்கே உட்கார வைத்தது யார்" என்று கேட்டதில்லை. ஒரு பெண் வந்ததும் கேட்கிறோம்.


மல்லி எழுதியது:

கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் விட்டதுதான் தப்பு. அதற்காக இப்போதும் கேட்கக்கூடாதா?


கணக்குப்பிள்ளை எழுதியது:

நான் தணிக்கைத் தொழிலில் இருப்பவன். ஒரு மாநில விளையாட்டுச் சங்கத்தின் கணக்கைச் சில ஆண்டுகள் பார்த்தேன். பெயர் வேண்டாம். அங்கே கற்றது ஒன்று: தலைவர் யார் என்று பார்க்காதே, வாக்காளர் பட்டியலை யார் தயாரிக்கிறார், காசோலையில் யார் கையெழுத்துப் போடுகிறார் என்று பார். அந்த இரண்டும் யார் கையிலோ, சங்கம் அவர் கையில். நான் பார்த்த சங்கத்தில் தலைவர் ஒரு பெரிய மனிதர், வருடத்துக்கு ஒருமுறை மாலை போட்டுக்கொண்டு போவார். பட்டியல் முழுக்கச் செயலாளர் வீட்டு அலமாரியில் இருந்தது.

அந்தக் கண்ணோடு உஷாவின் நிலையைப் பாருங்கள். உச்ச நீதிமன்றம் நியமித்த நீதியரசர் நாகேஸ்வர ராவ் 2022இல் புதிய சங்க விதிகளை எழுதினார். மாநில ஒலிம்பிக் சங்கங்களுக்கு வாக்குரிமை போனது. ஒவ்வொரு சம்மேளனமும் ஓர் ஆண், ஒரு பெண் என்று இரண்டு பிரதிநிதி அனுப்ப வேண்டும். சிறந்த விளையாட்டு வீரர்கள் எட்டுப் பேருக்கு இடம். பொதுச் செயலாளர் பதவியே இல்லை, சம்பளத்துக்கு அமர்த்தப்படும் தலைமைச் செயல் அதிகாரிதான் நிர்வாகம். காகிதத்தில் மிக நல்ல விதிகள். இந்திய விளையாட்டில் இதற்கு முன் இப்படி ஒன்று எழுதப்பட்டதில்லை என்றே சொல்வேன்.

ஆனால் தலைவர் போட்டியின்றி வந்தார். போட்டியிட்டு வருபவருக்குக் கூட ஒரு அணி இருக்கும். நாளைக்கு ஒரு தீர்மானம் வந்தால் இத்தனை கை உயரும் என்று கணக்கு இருக்கும். எல்லோரும் கூடி உட்கார வைத்தவருக்கு அந்தக் கணக்கு கிடையாது. 2024 ஜனவரியில் ரகுராம் ஐயரை தலைமைச் செயல் அதிகாரியாக அறிவித்தபோது இது வெளியே வந்தது. செயற்குழுவில் பெரும்பான்மையோர், பன்னிரண்டு பேர், எதிர்த்தார்கள். ஊதியம் அதிகம் என்றார்கள், முறைப்படி ஒப்புதல் வாங்கவில்லை என்றார்கள். சண்டை ஒன்றரை ஆண்டு இழுத்தது. இடையில் பாரிஸ் ஒலிம்பிக் வந்து போனது. சங்கத்துக்கு வரவேண்டிய ஒலிம்பிக் ஒற்றுமை நிதியை சர்வதேசக் கமிட்டி நிறுத்தி வைத்தது. 2025 ஜூலையில்தான் சமாதானம் ஆனது.

இதில் யார் பக்கம் நியாயம் என்பதைவிட எனக்குத் தெரிவது இது. தலைமைச் செயல் அதிகாரியை நியமிக்கக்கூடத் தலைவரிடம் வாக்கு இல்லை. அந்த நிலையில் இருப்பவரிடம் மல்யுத்த சம்மேளனத்தை எதிர்த்து நில் என்றால், கூடவே நிற்க அந்த அறையில் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்?


மல்லி எழுதியது:

சார், நீங்கள் சொன்ன பிறகு யோசித்தேன். ஒன்றை ஒத்துக்கொள்கிறேன். பதினைந்து பேர் கொண்ட குழுவில் பன்னிரண்டு பேர் எதிரே உட்கார்ந்திருக்கும்போது ஒரு பெண் தனியாகக் கூட்டம் நடத்துவது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். நான் வேலை பார்த்த இடத்தில் சின்ன அளவில் அனுபவித்திருக்கிறேன். பேச வாயெடுத்தால் கோப்பைப் புரட்டுவார்கள்.

ஆனால் ஒழுங்கீனம் என்று சொல்லாமல் இருக்க வாக்கு எதற்கு? மௌனமாக இருந்திருந்தால்கூட நான் இவ்வளவு எழுதியிருக்க மாட்டேன்.


முன்னாள் நடுவர் எழுதியது:

இது சரியான கேள்வி. கணக்குப்பிள்ளை சார் தந்த விளக்கம் அவர் செய்ய முடியாததற்குப் பொருந்தும். சொன்னதற்குப் பொருந்தாது.


நீலவானம் எழுதியது:

பாரிஸையும் பேசிவிடுவோம். 2024 ஆகஸ்ட் 7, 50 கிலோ இறுதிப் போட்டி நாள் காலையில் 100 கிராம் அதிகம் என்று வினேஷைத் தகுதிநீக்கம் செய்தார்கள். சில நாளில் உஷா ஓர் அறிக்கை விட்டார். எடையைப் பார்த்துக்கொள்வது வீரர், பயிற்சியாளரின் பொறுப்பு, சங்கத்தின் மருத்துவக் குழு மேல் பழி போடக்கூடாது என்றார். பலருக்குக் கோபம். எனக்கு அது நியாயமாகவே பட்டது. மல்யுத்தம், பாக்ஸிங், பளுதூக்குதல் எல்லாவற்றிலும் வீரரின் தனிப்பட்ட குழுதான் எடையைப் பார்க்கிறது. அதே சங்கம்தான் விளையாட்டு நடுவர் மன்றத்தில் ஹரீஷ் சால்வேயை வைத்து வினேஷுக்காக வாதாடியது. தோற்றது, ஆனால் கைவிடவில்லை.


மல்லி எழுதியது:

அந்த அறிக்கையில் இருந்தது உண்மை. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அந்த வாரம் அந்தப் பெண்ணுக்குத் தேவைப்பட்டது வேறு. பதக்கம் கைக்கு எட்டி நழுவுவது எப்படி என்று இந்த நாட்டில் உஷாவைவிட நன்றாக அறிந்தவர் யார்? அதை மட்டும் சொல்லியிருந்தால் போதும்.


தடகளன் எழுதியது:

லாஸ் ஏஞ்சல்ஸ் என்றதும் ஒரு விஷயம் நினைவுக்கு வந்தது. இங்கே யாரும் சொல்லவில்லை. அந்த 400 மீட்டர் தடை ஓட்டத்தில் தங்கம் வென்றவர் மொராக்கோவின் நவால் எல் முதவக்கல், 54.61 நொடி. அவரும் நிர்வாகத்துக்கு வந்தார். ஒரே ஓட்டத்தில் ஓடிய இரண்டு பெண்கள். ஆனால் நிர்வாகத்தில் அவர்கள் போன பாதை வேறு.

நவால் 1998இல் சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி உறுப்பினர் ஆனார். 2012, 2016 போட்டிகளை எந்த நகரத்துக்குத் தரலாம் என்று ஆராய்ந்த குழுக்களுக்குத் தலைமை தாங்கினார். 2007 முதல் 2009 வரை தன் நாட்டில் விளையாட்டு அமைச்சர். ரியோ ஒலிம்பிக் ஏற்பாட்டைக் கண்காணித்த குழுவின் தலைவர். 2012இல் சர்வதேசக் கமிட்டியின் துணைத் தலைவர். உறுப்பினராகி துணைத் தலைவராக ஆகும்வரை பதினான்கு வருடம், படிப்படியாக. ஒவ்வொரு படியிலும் யாரோடு பேச வேண்டும், எந்தத் தாளில் எப்போது கையெழுத்துப் போடக்கூடாது என்று கற்றிருப்பார்.

நம் உஷாவை மைதானத்திலிருந்து நேராகக் கூட்டிவந்து எல்லாவற்றுக்கும் மேலே உட்கார வைத்தோம். என் வாதத்தை இப்போது கொஞ்சம் மாற்றிக்கொள்கிறேன். அவருக்குக் குறைவாக மதிப்பெண் போடுகிறவர்கள், அவருக்கு வகுப்பே நடக்கவில்லை என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள்.


கணக்குப்பிள்ளை எழுதியது:

கிர்ஸ்டி கோவென்ட்ரியையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஜிம்பாப்வே நீச்சல் வீராங்கனை, ஏழு ஒலிம்பிக் பதக்கம். 2018இல் அந்நாட்டு விளையாட்டு அமைச்சர். அவர் அமைச்சராக இருந்தபோது 2019இல் ஐ.சி.சி. அந்நாட்டுக் கிரிக்கெட்டை இடைநீக்கம் செய்தது, 2022இல் ஃபிஃபா கால்பந்தை இடைநீக்கம் செய்தது. இரண்டும் அரசுத் தலையீடு என்ற காரணத்துக்காக. விமர்சனம் கொஞ்சமா வந்தது? ஆனாலும் 2025 மார்ச்சில் முதல் சுற்றிலேயே 97இல் 49 வாக்கு வாங்கி சர்வதேச ஒலிம்பிக் கமிட்டியின் முதல் பெண் தலைவரானார். காரணம், 2013 முதலே அவர் அந்தக் கமிட்டிக்குள் வேலை செய்தவர், வீரர்கள் ஆணையத்துக்குத் தலைமை தாங்கியவர். வாக்கு அவருடையது. யாரும் பரிசாகக் கொடுத்ததில்லை.


முன்னாள் நடுவர் எழுதியது:

தீபா மாலிக்கைப் பற்றி ஏன் யாரும் பேசவில்லை? என்னைப் பொறுத்தவரை இந்தியாவில் தேசிய விளையாட்டு அமைப்பை நடத்திய பெண்களில் முதலில் பேச வேண்டியவர் அவர்தான்.

ரியோவில் குண்டு எறிதலில் 4.61 மீட்டர், வெள்ளி. பாராலிம்பிக் பதக்கம் வாங்கிய முதல் இந்தியப் பெண். 2020இல் பாராலிம்பிக் கமிட்டித் தலைவரானார். பதவியில் இருப்பவர் களத்தில் விளையாடக்கூடாது என்று அப்போதைய தேசிய விளையாட்டு விதி சொன்னது, அதனால் ஓய்வு அறிவித்தார். பதவிக்காகப் பந்தயத்தை விடுவது ஒரு வீரருக்கு எளிதல்ல. அவர் பொறுப்பேற்ற கமிட்டி, சர்வதேச அமைப்பாலும் அரசாலும் அடிக்கடி தண்டிக்கப்பட்ட கமிட்டி. ரியோவில் 4 பதக்கம். டோக்கியோவில் 19. நம் மாரியப்பன் வெள்ளி வாங்கினாரே, அந்தப் போட்டி. பாரிஸில் 29 வந்தபோது தேவேந்திர ஜஜாரியா தலைவராகிவிட்டார். ஆனால் அங்கே பாட்மின்டனில் பதக்கம் வாங்கிய துளசிமதி, மனிஷா, நித்யஸ்ரீ எல்லாம் தீபாவின் காலத்திலும் வளர்ந்த பிள்ளைகள்.

எல்லாப் புகழும் தலைவருக்கு என்று சொல்ல மாட்டேன், பணம் அரசுடையது, உழைப்பு பயிற்சியாளர்களுடையது. 2024 பிப்ரவரியில் உரிய காலத்தில் தேர்தல் நடத்தவில்லை என்று அமைச்சகம் அந்தக் கமிட்டியை இடைநீக்கம் செய்ததையும் மறைக்கவில்லை. ஆனாலும் சக்கர நாற்காலியில் இருப்பவருக்கு விமான நிலையத்தில் என்ன நடக்கும், விடுதிக் கழிப்பறை வாசல் எத்தனை அகலம் இருக்க வேண்டும் என்று அந்தத் தலைவருக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

முதலில் "வீரர் வந்தால் நல்லது நடக்கும்" என்பதில் நம்பிக்கை இல்லை என்று எழுதினேன். தீபாவை நினைத்துப் பார்க்கும்போது அது முழுக்கச் சரியில்லை என்று தோன்றுகிறது. தான் பட்ட கஷ்டத்தை மறக்காதவர் வந்தால் நடக்கும்.


மல்லி எழுதியது:

ஐயா, கழிப்பறை வாசல் என்றீர்களே, அங்கே நின்றுவிட்டேன்.

நான் ஓடிய காலத்தில் மாவட்டப் போட்டி நடக்கும் மைதானத்தில் பெண்கள் உடை மாற்ற ஓர் அறை கிடையாது. நாலு பேர் துப்பட்டாவை விரித்துப் பிடிப்போம், நடுவில் ஒருத்தி மாற்றுவாள். ஒருமுறை என் தோழி சங்கப் பொறுப்பாளர் ஒருவரிடம் போய்க் கேட்டாள். "ஓட வந்தியா, உடுத்த வந்தியா" என்றார். அவள் அடுத்த வருடம் வரவில்லை. என்னைவிட வேகமானவள்.

போன மாதம் அண்ணன் மகளைக் கூட்டிக்கொண்டு ஒரு போட்டிக்குப் போனேன். வேறு மைதானம், வேறு ஆட்கள். துப்பட்டா மட்டும் அதே துப்பட்டா.


தடகளன் எழுதியது:

அக்கா, இதைப் படித்துவிட்டு என்ன எழுதுவதென்று தெரியவில்லை. 2025இல் வந்த தேசிய விளையாட்டு நிர்வாகச் சட்டத்தில் செயற்குழு அதிகபட்சம் 15 பேர், அதில் குறைந்தது 4 பெண்கள் என்று வைத்திருக்கிறார்கள். மாநிலங்களவையில் உஷா அதை ஆதரித்துப் பேசினார். அதையாவது அவர் கணக்கில் வையுங்கள்.


மல்லி எழுதியது:

வைக்கிறேன். நான்கு பேர் உள்ளே போனால் அது நல்லதுதான். ஆனால் அந்த நான்கு பேர் எங்கிருந்து வருவார்கள்? மாவட்டத்தில் ஒரு பெண்ணும் இல்லை, மாநிலத்தில் இல்லை. அப்புறம் டெல்லியில் திடீரென்று நான்கு பேர் வேண்டும் என்றால் மறுபடி யாரோ ஒருவருடைய மகள், யாரோ ஒருவருடைய மனைவி. இல்லையென்றால் இன்னொரு உஷா, அணியே இல்லாமல்.

கணக்குப்பிள்ளை சார், உங்களிடம் ஒரு உதவி. எங்கள் மாவட்டத் தடகளச் சங்கத்துக்கு இந்த வருடம் தேர்தல் வரும் என்கிறார்கள். இணைச் செயலாளர் பதவிக்கு மனு போடலாமா என்று இரண்டு வாரமாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். வாக்காளர் யார் யார் என்று கேட்டால் யாரும் சொல்ல மாட்டேன் என்கிறார்கள். அந்தப் பட்டியலை எப்படி வாங்குவது?


கணக்குப்பிள்ளை எழுதியது:

சங்கம் 1975ஆம் ஆண்டு தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டத்தின் கீழ் பதிவாகியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். கடிதத்தாளில் பதிவு எண் இருக்கும். இருந்தால் அவர்களிடம் கேட்டு நிற்க வேண்டியதில்லை. மாவட்டப் பதிவாளர் அலுவலகத்துக்குப் போய், கட்டணம் கட்டி, சங்கத்தின் துணைவிதி, உறுப்பினர் பட்டியல், கடைசியாகத் தாக்கல் செய்த நிர்வாகக் குழு விவரம் மூன்றுக்கும் நகல் கேளுங்கள். துணைவிதியில் இரண்டு இடத்தை முதலில் படியுங்கள்: யாருக்கு வாக்கு, தேர்தல் அறிவிப்பு எத்தனை நாளுக்கு முன் தர வேண்டும். உறுப்பினர் சந்தா பாக்கி என்று சொல்லிப் பலரை நீக்குவார்கள், அதனால் உங்கள் சந்தா ரசீதைத் தேடி எடுத்து வையுங்கள். நகல் கைக்கு வந்ததும் எனக்கு அனுப்புங்கள், உட்கார்ந்து பார்ப்போம்.


மல்லி எழுதியது:

திங்கட்கிழமை போகிறேன் சார். ரசீது அம்மாவின் பெட்டியில் இருக்கிறது.